கொட்புஸ் மாவட்டம் (1952–1990): இப்படி ஓர் எல்லையை எதற்காக வரைந்தார்கள்?

பழைய_அட்லஸ் கேட்டது:

வணக்கம். கொட்புஸில் முதுகலை படிக்கிறேன், சுற்றுச்சூழல் பாடம். போன வாரம் பழம்பொருள் சந்தையில் கிழக்கு ஜெர்மனிக் காலத்துப் பள்ளி அட்லஸ் ஒன்று கிடைத்தது. அட்டை கிழிந்திருந்தாலும் வரைபடங்கள் எல்லாம் நன்றாக இருக்கின்றன.

அதில் பிராண்டன்பர்க் என்ற பெயரே இல்லை. சாக்சனி, துரிங்கியாவும் இல்லை. அவற்றுக்குப் பதிலாக ரோஸ்டாக், ஷ்வெரின், நொய்பிராண்டன்பர்க் என்று 14 மாவட்டங்கள், அப்புறம் தனியாகக் கிழக்கு பெர்லின். நான் இருக்கும் ஊர் அதில் ஒரு மாவட்டத் தலைநகர். தென்கிழக்கு மூலையில், போலந்து எல்லையை ஒட்டி, பெரிதாகவே இருக்கிறது அந்த மாவட்டம்.

எனக்குப் புரியாதது அதன் வடிவம்தான். ஹோயர்ஸ்வெர்டாவும் வைஸ்வாஸரும் இன்றைக்கு சாக்சனி மாநிலம். யெஸ்ஸன் இன்றைக்கு சாக்சனி-அன்ஹால்ட். ஆனால் அட்லஸில் மூன்றுமே கொட்புஸ் மாவட்டத்துக்குள் இருக்கின்றன. என்ன கணக்கில் இவற்றை ஒன்றாகச் சேர்த்தார்கள்? அந்த மாவட்ட நிர்வாகத்துக்கு உண்மையில் அதிகாரம் இருந்ததா, இல்லை பெர்லின் சொன்னதைச் செய்யும் அலுவலகம் மட்டும்தானா? 1990க்குப் பிறகு ஏன் மறுபடி பிரித்தார்கள்? இங்கேயே இருப்பதால் நேரில் போய்ப் பார்க்க ஏதாவது இருந்தாலும் சொல்லுங்கள்.

மேற்கோள்_வாசகன் எழுதியது:

எல்லையின் அரசியல் பக்கத்தை மட்டும் சொல்கிறேன்.

1949 அக்டோபர் 7இல் ஜெர்மன் ஜனநாயகக் குடியரசு, அதாவது கிழக்கு ஜெர்மனி, உருவானபோது அதில் ஐந்து மாநிலங்கள் இருந்தன: மெக்லென்பர்க், பிராண்டன்பர்க், சாக்சனி-அன்ஹால்ட், சாக்சனி, துரிங்கியா. ஒவ்வொன்றுக்கும் சட்டமன்றம், அமைச்சரவை எல்லாம் உண்டு. 1952 ஜூலையில் ஆளும் சோஷலிச ஐக்கியக் கட்சி தன் இரண்டாவது கட்சி மாநாட்டில் ‘சோஷலிசத்தைத் திட்டமிட்டுக் கட்டுவது’ என்று அறிவித்தது. இரண்டு வாரம்கூட ஆகவில்லை, ஜூலை 23இல் சட்டம் வந்துவிட்டது. மாநில நிர்வாகங்கள் கலைக்கப்பட்டு 14 மாவட்டங்கள் வந்தன. அவற்றுக்குக் கீழே இருந்த வட்டங்களையும் உடைத்துச் சிறிதாக்கி, எண்ணிக்கையைக் கூட்டினார்கள்.

நோக்கம் தெளிவு. மாநிலம் என்று ஒன்று இருந்தால் மத்திய அரசுக்கு எதிரே நிற்க ஓர் இடம் இருக்கும். அது இருக்கக் கூடாது என்று நினைத்தார்கள். மாநிலங்களின் அவை மட்டும் காகிதத்தில் 1958 வரை நீடித்தது, பிறகு அதையும் எடுத்துவிட்டார்கள். எனவே கொட்புஸ் எல்லைக்குத் தனியாக ஒரு காரணம் தேட வேண்டியதில்லை என்பது என் கருத்து. 14 மாவட்டங்களுக்கும் காரணம் ஒன்றே.

நிலத்தடி எழுதியது:

தம்பி, மேலே நண்பர் சொன்ன 1952 சட்ட விவரம் சரி. ஆனால் கடைசியில் சொன்னதை நான் ஏற்க மாட்டேன். மாநிலங்களை ஏன் கலைத்தார்கள் என்பதற்கு அரசியல் காரணம் போதும். கோடு ஏன் *இங்கே* விழுந்தது என்பதற்கு அது போதாது. கொட்புஸ் மாவட்டத்தை வரைந்தது பழுப்பு நிலக்கரி.

இதை அழுத்திச் சொல்வதற்குக் காரணம் உண்டு. பழைய சுரங்கப் பகுதிகளில் நிலத்தடி நீர் திரும்ப ஏறுவதைக் கணக்கிடுவது என் வேலை. மாவட்டம் போய் முப்பது வருடத்துக்கு மேல் ஆகிறது, இன்றைக்கும் என் மேசைக்கு வரும் வரைபடங்களில் பாதி அந்தக் காலத்து வரைபடங்கள்தான்.

முதலில் உங்கள் அட்லஸில் கனிமவளப் பக்கத்தைத் திறந்து பாருங்கள். பழுப்பு நிலக்கரி என்று வண்ணமிட்டிருக்கும் பட்டையில் சென்ஃப்டன்பெர்க், ஸ்ப்ரெம்பெர்க், ஹோயர்ஸ்வெர்டா, வைஸ்வாஸர் எல்லாம் வரும். லவுசிட்ஸ் என்று அழைக்கப்படும் இந்தப் பகுதியின் கரி பெரும்பாலும் அங்கேதான். 1952க்கு முன்னால் அந்தப் பட்டை பிராண்டன்பர்க், சாக்சனி என்று இரண்டு மாநிலங்களில் கிடந்தது. மாவட்டம் வந்ததும் ஒரே கையில் வந்தது. கொட்புஸ் நகரம், அதோடு 14 வட்டங்கள், சுமார் 8,260 சதுர கிலோமீட்டர், கடைசிக் காலத்தில் சுமார் 8.8 லட்சம் மக்கள். அதிகாரபூர்வமாகவே ‘கரி மற்றும் ஆற்றல் மாவட்டம்’ என்று அழைத்தார்கள்.

கரி ஏன் அவ்வளவு முக்கியம் என்றால், நாடு பிரிந்தபோது ரூர் பகுதியின் கருங்கரி மேற்கு ஜெர்மனிக்குப் போனது, சிலேசியாவின் கரி போலந்துக்குப் போனது. கிழக்கில் மிஞ்சியது பெரும்பாலும் பழுப்பு நிலக்கரி. ஈரம் அதிகம், வெப்பம் குறைவு, எரித்தால் கந்தகம். வேறு வழி இல்லாததால் அதை வைத்தே மின்சாரம், எரிவாயு, வீட்டு அடுப்புக்கான பிரிக்கெட் (அழுத்திய கரிக்கட்டி), இரும்பு உருக்கும் கோக் என்று எல்லாவற்றையும் செய்தார்கள். பழுப்பு நிலக்கரியிலிருந்து உலைக்கு ஆகும் கோக் செய்யவே முடியாது என்றுதான் அதுவரை நினைத்திருந்தார்கள். 1952இல் லாவுக்ஹாமரில் அதற்கென ஆலை எழுந்தது. 1955இல் ஷ்வார்ட்ஸெ பும்பெ என்ற பெரிய கரி பதப்படுத்தும் ஆலைக்கு அடிக்கல், 1957இல் அமைச்சரவையின் கரி-ஆற்றல் திட்டம், அதன் பிறகு லூபெனாவ், ஃபெட்சாவ், பாக்ஸ்பெர்க், யென்ஷ்வால்டே என்று வரிசையாக அனல்மின் நிலையங்கள். யென்ஷ்வால்டே மட்டும் 500 மெகாவாட் அலகுகள் ஆறு. 1980களில் நாடு முழுவதும் ஆண்டுக்கு 30 கோடி டன்னுக்கு மேல் வெட்டினார்கள். உலகில் அன்றைக்கு வேறு எந்த நாடும் அவ்வளவு பழுப்பு நிலக்கரி எடுக்கவில்லை. அதில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கு லவுசிட்ஸிலிருந்து.

இப்போது அதிகாரம் பற்றிய கேள்வி. பெயரளவில் மேலே மாவட்ட மன்றம். தேர்தலில் ஒரே கூட்டுப் பட்டியல்தான், அதை அப்படியே மடித்துப் பெட்டியில் போடுவார்கள். மன்றத்துக்குக் கீழே மாவட்டக் குழு, அதுதான் அலுவலகம்: வீடு, கடை, பள்ளி, மருத்துவமனை, சாலை, உள்ளூர்த் தொழில்கள் எல்லாம் அதன் பொறுப்பு. குழுவின் ஒவ்வொரு துறையும் ஒரே நேரத்தில் மாவட்ட மன்றத்துக்கும் பெர்லின் அமைச்சகத்துக்கும் பதில் சொல்ல வேண்டும். இரண்டும் மோதினால் யார் பேச்சு நிற்கும் என்று சொல்லத் தேவையில்லை. உண்மையான முடிவு இவற்றுக்கு வெளியே, கட்சியின் மாவட்டத் தலைமையில். கொட்புஸில் 1969 முதல் 1989 வரை வெர்னர் வால்டே என்ற ஒரே மனிதர் முதல் செயலாளராக இருந்தார். இருபது வருடம்! மாவட்டத்தின் நாளிதழான ‘லவுசிட்ஸர் ருண்ட்ஷாவ்’கூட அந்த மாவட்டத் தலைமையின் பத்திரிகைதான்.

பெரிய சுரங்கங்களும் மின் நிலையங்களும் மாவட்டக் குழுவின் கீழ் வரவே இல்லை என்பதைக் கவனியுங்கள். அவை நேராக பெர்லினில் இருந்த அமைச்சகத்தின் கீழ். மாவட்டத்துக்கு விட்டது, அவற்றுக்குத் தேவையான ஆட்களுக்கு வீடு கட்டுவதும் நிலத்தைக் காலி செய்து கொடுப்பதும்.

வீடு விஷயத்தில் ஹோயர்ஸ்வெர்டாவைப் பாருங்கள். 1950களின் தொடக்கத்தில் ஏழாயிரம் பேர் இருந்த சிறு ஊர். ஷ்வார்ட்ஸெ பும்பெ தொழிலாளர்களுக்காகப் பக்கத்திலேயே கான்கிரீட் பலகை வார்க்கும் ஆலை ஒன்றைக் கட்டி, பலகைகளை அடுக்கி அடுக்கி ஒரு புதிய நகரத்தையே எழுப்பினார்கள். 1980களில் எழுபதாயிரம் பேர். இன்று முப்பதாயிரம் அளவில்தான். அங்கே வேலை செய்ய மொசாம்பிக்கிலிருந்தும் வியட்நாமிலிருந்தும் ஒப்பந்தத்தில் வந்தவர்களை 1991 செப்டம்பரில் கும்பல் சேர்ந்து தாக்கி ஊரை விட்டே போக வைத்தார்கள். நாட்கணக்கில் நடந்தது அது. அந்த ஊரின் கதையைச் சொல்லும்போது இதை விட்டுவிட்டு என்னால் சொல்ல முடியாது.

நிலம் காலி செய்யும் விஷயம்தான் எனக்கு இன்றும் மனசை அறுக்கிறது. எந்தப் பகுதி ‘சுரங்கப் பாதுகாப்பு மண்டலம்’ என்பதை மாவட்ட மன்றம் தீர்மானம் போட்டு அறிவிக்கும். பாதுகாப்பு யாருக்கு? கரிக்கு. ஒரு கிராமம் அந்த மண்டலத்துக்குள் வந்துவிட்டால் அங்கே புதிதாக எதுவும் கட்ட முடியாது. கூரை ஒழுகினாலும் பெரிதாகச் செலவு செய்ய மனம் வராது, இளையவர்கள் கிளம்பிவிடுவார்கள், இயந்திரம் வருவதற்குப் பல வருடம் முன்பே ஊர் தளர்ந்துவிடும். லவுசிட்ஸில் இப்படி முழுதாகவோ பகுதியாகவோ அழிந்த ஊர்கள் 130க்கு மேல். அவற்றில் பல சோர்பியர் ஊர்கள். சோர்பியர்கள் இந்த மண்ணில் ஆயிரம் ஆண்டுக்கு மேலாக வாழும் சிலாவிய மக்கள். நீங்கள் தினமும் பார்க்கும் ரயில் நிலையப் பலகையில் ‘கொட்புஸ்’ பக்கத்தில் ‘ஹோசெபுஸ்’ என்று இருக்குமே, அது அவர்கள் மொழி. அவர்களுடைய பள்ளிக்கும் பத்திரிகைக்கும் அரசு பணம் கொடுத்தது, மறுக்கவில்லை. ஆனால் ஊரை இடித்து, குடும்பங்களை அடுக்குமாடிக்கு அனுப்பிவிட்ட பிறகு அந்த மொழியை யார் யாரோடு பேசுவது?

இப்போது என் துறைக்கு வருகிறேன். திறந்தவெளிச் சுரங்கம் வெட்ட வேண்டுமானால் முதலில் நிலத்தடி நீரை இறைத்து வெளியே விட வேண்டும். இங்கே ஒரு டன் கரிக்கு சுமார் 6 கன மீட்டர் தண்ணீர். இறைத்ததை எல்லாம் பெர்லின் வழியாக ஓடும் ஸ்ப்ரீ ஆற்றிலும் ஷ்வார்ட்ஸெ எல்ஸ்டரிலும் விட்டார்கள். ஸ்ப்ரீ பல ஆண்டுகள் தன் இயல்பை விட நிறைய தண்ணீரோடு ஓடியது, பெர்லின் அதற்குப் பழகிப்போனது. நிலத்தடியில் சுமார் 2,100 சதுர கிலோமீட்டர் பரப்பில் நீர்மட்டம் இறங்கியது. மாவட்டப் பரப்பில் கால் பங்குக்கு நிகரான நிலம் அது.

1990க்குப் பிறகு சுரங்கங்கள் அடுத்தடுத்து மூடப்பட்டன. பம்புகள் நின்றதும் நீர் திரும்ப ஏற ஆரம்பித்தது. நல்லதுதானே என்று தோன்றும். ஆனால் காய்ந்து கிடந்த மண்ணில் இருந்த பைரைட் என்ற இரும்பு-கந்தகத் தாது இத்தனை வருடம் காற்றுப் பட்டு மாறியிருக்கிறது. ஏறி வரும் நீர் அதிலிருந்து இரும்பையும் சல்பேட்டையும் கரைத்து ஆற்றில் கொண்டு சேர்க்கிறது. ஸ்ப்ரீயில் காவி நிறமாக ஓடுவது அந்த இரும்புதான். பெரும்பகுதி ஸ்ப்ரெம்பெர்க் அணையில் படிந்துவிடுவதால்தான் கீழே ஸ்ப்ரீவால்ட் ஓடைகள் தப்பிக்கின்றன. சல்பேட் படியாது. அது பெர்லின் குடிநீர் வரை போகிறது.

எல்லை இங்கேதான் வலிக்கிறது, தம்பி. இரும்பு ஆற்றில் சேரும் இடங்களில் முக்கியமானவை இன்று சாக்சனியில். அது படியும் அணை பிராண்டன்பர்க்கில். குடிக்கிற ஊர் பெர்லின். மூன்று மாநிலங்கள், மூன்று நீர்த்துறைகள், மூன்று விதமான அனுமதி நடைமுறைகள். ஒரே நிலத்தடி நீரை நாங்கள் இரண்டு கோப்பாகப் பிரித்து எழுதுகிறோம். ஷ்வார்ட்ஸெ பும்பெ தொழிற்பூங்காவின் நடுவிலேயே மாநில எல்லை ஓடுகிறது. பழைய மாவட்டம் திரும்ப வர வேண்டும் என்று நான் கேட்கவில்லை. அந்த நிர்வாகம் ஊர்களுக்குச் செய்ததை மேலே எழுதிவிட்டேன். ஆனால் கரிக்காக ஒன்றாக்கி, ஒன்றாகவே தோண்டிக் கெடுத்த நிலத்தை, சரிசெய்யும் நேரத்தில் பழைய மாநிலக் கோடுகளை வைத்துப் பிரித்தது எனக்குச் சம்மதம் இல்லை.

மேற்கோள்_வாசகன் எழுதியது:

கரிக் காரணத்தை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் யெஸ்ஸன், ஹெர்ட்ஸ்பெர்க் பக்கம் கரியே இல்லையே? அவை வெறும் வயல்வெளி. அவற்றையும் ஏன் சேர்த்தார்கள்? பிரித்ததைப் பற்றியும் ஒன்று: அது மேலிருந்து போட்ட கோடு மட்டும் இல்லை. 1990 ஜூலை 22 சட்டத்தின்படி, எல்லையோர வட்டங்களில் மக்கள் கருத்தைக் கேட்டார்கள். ஹோயர்ஸ்வெர்டாவும் வைஸ்வாஸரும் தாங்களே சாக்சனியை விரும்பின. மக்கள் விரும்பியதைத் தவறு என்று சொல்ல முடியுமா?

பழைய_அட்லஸ் எழுதியது:

அக்கா, மிகவும் நன்றி. கனிமவளப் பக்கத்தை இப்போதுதான் பார்த்தேன், நீங்கள் சொன்ன பட்டை அப்படியே இருக்கிறது. எனக்கு இன்னொரு கேள்வி: அந்த மண்டலத் தீர்மானங்களை எல்லாம் எங்கே பார்க்கலாம்? ஆய்வேட்டுக்கு ஒரு கிராமத்தை எடுத்துக்கொள்ளலாம் என்று யோசிக்கிறேன். ஜெர்மன் ஓரளவு வாசிப்பேன்.

நிலத்தடி எழுதியது:

முதலில் நண்பருக்கு. யெஸ்ஸன் கேள்வி நியாயமானது. வேலைக்கு வந்த அத்தனை பேருக்கும் உணவு வேண்டும், மாவட்டம் தன் தேவையில் ஒரு பங்கையாவது தானே விளைவித்துக்கொள்ள வேண்டும் என்ற திட்டக் கணக்கும் இருந்தது. வடமேற்கு வட்டங்களை நான் அப்படித்தான் புரிந்துகொள்கிறேன். அவற்றுக்குக் கொட்புஸ் மேல் ஒட்டுதல் எப்போதுமே குறைவு, 1990இல் யெஸ்ஸன் தயங்காமல் சாக்சனி-அன்ஹால்ட்டுக்குத் திரும்பியது.

மக்கள் விருப்பத்தை நான் தவறு என்று சொல்லவில்லை. ஹோயர்ஸ்வெர்டாவில் 1930இல் பிறந்த ஒருவரை நினைத்துப் பாருங்கள். பிறந்தபோது பிரஷ்யாவின் கீழ்ச் சிலேசியா, 1945க்குப் பின் சாக்சனி, 1952இல் கொட்புஸ் மாவட்டம், 1990இல் மறுபடி சாக்சனி. வீடு மாறவே இல்லை. கொட்புஸ் என்றால் அவர்களுக்குக் கட்சி அலுவலகமும் சுரங்கமும்தான் நினைவுக்கு வந்திருக்கும், சாக்சனியின் தலைநகரான டிரெஸ்டன் பக்கம் சாய்ந்ததில் ஆச்சரியம் இல்லை. ஆனால் இறுதி முடிவு வட்ட மன்றங்களின் கையில்தான் இருந்தது. லைப்சிக் மாவட்டத்தின் ஆல்டன்பர்க்கில் மக்களில் பெரும்பான்மை சாக்சனி என்றார்கள், மன்றம் துரிங்கியா என்று முடிவு செய்தது. அதனால் ‘மக்களே கேட்டார்கள்’ என்பதை எல்லா இடத்துக்கும் ஒரே மாதிரி சொல்லாதீர்கள். அந்த வாக்குச்சீட்டில் நீரைப் பற்றி ஒரு வரிகூட இல்லை என்பதுதான் என் குறை.

தம்பிக்கு: மாவட்டக் குழுவின் கோப்புகள் பொட்ஸ்டாமில் இருக்கும் பிராண்டன்பர்க் மாநில ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன. ஹோயர்ஸ்வெர்டா, வைஸ்வாஸர் பக்கத்து ஊர் என்றாலும் மாவட்ட அளவிலான தாளுக்குப் பொட்ஸ்டாமில்தான் தொடங்க வேண்டும், பலர் டிரெஸ்டனில் தேடி நாளை வீணாக்குகிறார்கள். கிளம்புவதற்கு முன் மின்னஞ்சலில் எந்த ஊர், எந்த ஆண்டுகள் என்று தெளிவாக எழுதுங்கள், ‘சுரங்கப் பாதுகாப்பு மண்டலம்’ என்பதன் ஜெர்மன் சொல்லையும் சேர்த்துக் கேளுங்கள். மன்றத் தீர்மானம் இரண்டு பக்கம்தான் இருக்கும். அதோடு போகும் இணைப்புகளில்தான் விஷயம்: எத்தனை வீடு, எத்தனை பேர், கல்லறைத் தோட்டத்தை எங்கே மாற்றுவது என்று.

அதற்கும் முன்னால் ஃபோர்ஸ்ட் நகரத்தின் ஹார்னோவுக்குப் போய்விட்டு வாருங்கள். பழைய ஹார்னோ கிராமம் பல ஆண்டு போராடியும் 2000களில் யென்ஷ்வால்டே சுரங்கத்துக்குப் போய்விட்டது. மக்கள் ஒன்றாக இடம்பெயர்ந்து ஃபோர்ஸ்டில் குடியேறினார்கள். அங்கே ‘மறைந்த ஊர்களின் காப்பகம்’ வைத்திருக்கிறார்கள். தரை முழுக்க லவுசிட்ஸ் வரைபடம், ஒவ்வொரு ஊருக்கும் தனித் தகவல். எந்தக் கிராமத்தை எடுப்பது என்பதை அங்கே நின்று முடிவு செய்யலாம்.

நல்லதாக ஒன்றும் பார்க்க வேண்டுமானால் சென்ஃப்டன்பெர்க் ஏரி. நீம்ட்ஷ் சுரங்கத்தின் குழியை 1967இல் நிரப்பத் தொடங்கி, 1973இல் கடற்கரை போல மணல் போட்டுத் திறந்தார்கள். தோண்டிய குழிகளை ஏரிச் சங்கிலியாக மாற்றலாம் என்ற யோசனைக்கு உழைத்தவர் ஓட்டோ ரிண்ட் என்ற நிலவடிவமைப்பாளர். இதையும் அந்தக் காலத்துத் திட்டக்காரர்கள்தான் செய்தார்கள், அதை மறைத்தால் கணக்கு நேர்மையாக இராது.

புதிய ஏரிகளின் கரையில் மட்டும் கவனம். தடைப் பலகை இருக்கும் இடத்தில் ஓர் அடிகூட உள்ளே வைக்காதீர்கள். அது தோண்டிக் கொட்டிய மண், அடியில் நீர் ஏறிக்கொண்டிருக்கிறது, மேலே புல்லும் மரமும் இருந்தாலும் ஒரே நொடியில் குழம்பாக ஓடிவிடும். படம் எடுக்க வேண்டுமானால் பாதையில் நின்றே எடுங்கள். கிராமத்தை முடிவு செய்ததும் பெயரை இங்கே போடுங்கள், அந்த இடத்து நீர்மட்ட அளவீடுகள் பொதுவில் கிடைக்கிறதா என்று பார்த்துச் சொல்கிறேன்.